புத்துணர்ச்சியா, உற்சாகமா, தெம்பா? எதை எங்கே எழுதுவது

தமிழ் விளம்பரங்களைக் கொஞ்ச நேரம் பார்த்தால் போதும். குளியல் சோப்பு புத்துணர்ச்சி தருகிறது. தேயிலையும் தருகிறது. யோகா வகுப்பு, மலையில் வாடகைக்கு விடும் அறை, தலைவலித் தைலம், எலுமிச்சை வாசனை போட்ட தரை கழுவும் திரவம் எல்லாம் அதையேதான் தருகின்றன. இத்தனை பேர் கையில் புழங்கிய சொல்லை எடுத்து, நாம் மதிக்கும் ஒருவரைப் பற்றி எழுத உட்கார்ந்தால் கை தயங்குகிறது. "எழுபது வயதிலும் புத்துணர்ச்சியான மனிதர்" என்று எழுதி வாய்விட்டுப் படித்துப் பாருங்கள். இலக்கணப் பிழை ஏதும் இல்லை. ஆனாலும் ஒட்டவில்லை.

மொழிபெயர்ப்பிலும் பிரதி திருத்துவதிலும் இருக்கிறவர்களுக்கு இது தினப்படித் தொல்லை. மனம் புதிதாக, களைப்பில்லாமல், துடிதுடிப்பாக இருப்பதைச் சொல்ல நம்மிடம் சொற்களுக்குப் பஞ்சமில்லை. புத்துணர்ச்சி, உற்சாகம், ஊக்கம், தெம்பு, சுறுசுறுப்பு, மலர்ச்சி, தெளிவு என்று வரிசையாக நிற்கின்றன. அகராதியைத் திறந்தால் ஒன்றுக்கு மற்றொன்றைப் பொருளாகப் போட்டிருக்கும். அதை நம்பி மாற்றி மாற்றிப் போட்டால் வாக்கியம் கெட்டுவிடும்.

நான் பின்பற்றும் வழி ஒன்றுதான். மனதுக்கு என்ன வந்தது என்று பார்ப்பதற்கு முன்னால், அதை விட்டு என்ன போனது என்று கேட்பேன். அலுப்பு போனதா, சலிப்பு போனதா, நோய் போனதா, குழப்பம் போனதா, துக்கம் கொஞ்சம் இறங்கியதா? போனது எதுவோ அதற்கு எதிரே நிற்கும் சொல்தான் அந்த இடத்துக்குச் சரி. தமிழில் இந்தச் சொற்கள் ஒவ்வொன்றும் ஒவ்வொரு எதிரியை வைத்துக்கொண்டுதான் வாழ்கின்றன.

முதலில் புத்துணர்ச்சியையே எடுத்துக்கொள்வோம். புதுமை என்ற பண்புச்சொல், பின்னால் உயிரெழுத்தில் தொடங்கும் சொல் வந்தால், மை உதிர்ந்து தகரம் இரட்டித்துப் 'புத்து' ஆகும். புத்தாண்டு, புத்தாடை, புத்துயிர் எல்லாம் இந்த வழியில் வந்தவை. நன்னூல் இதைத் தன்னொற்று இரட்டல் என்கிறது. ஆக, சொல்லின் அமைப்பே ஒரு பழைய நிலையை ஒப்புக்கொள்கிறது. முன்பு இருந்த உணர்வு தேய்ந்தது, இப்போது புதிதாக ஒன்று வந்தது. தேயாமல் புத்துணர்ச்சி இல்லை. ஓய்வு, குளியல், தூக்கம், ஊர் மாற்றம் என்று இடையில் ஏதோ ஒன்று நடந்திருக்க வேண்டும்.

இந்தச் சொல் மிகப் பொருத்தமாக உட்கார்ந்த ஓர் இடம் உண்டு. தமிழ்நாட்டில் கோயில் யானைகளுக்காக 2003இல் முதுமலை தெப்பக்காட்டில் ஒரு முகாம் தொடங்கினார்கள். பிறகு, 2012 முதல், மேட்டுப்பாளையம் அருகே தேக்கம்பட்டியில் பவானி ஆற்றங்கரையில் நடந்தது. 48 நாள், அதாவது ஒரு மண்டலம். அரசு அறிவிப்புகளில் 'நலவாழ்வு முகாம்' என்று இருந்தாலும், பத்திரிகைகளும் பொதுமக்களும் 'புத்துணர்வு முகாம்' என்றுதான் சொன்னார்கள். வருடம் முழுக்கக் கல்தரையில் சங்கிலியோடு நின்று, கூட்டத்துக்கு ஆசி வழங்கிக்கொண்டிருந்த யானை லாரியில் ஏறி ஆற்றங்கரைக்கு வருகிறது. மண்ணில் நடக்கிறது, தண்ணீரில் கிடக்கிறது, மற்ற யானைகளைப் பார்க்கிறது, மருந்து கலந்த உணவு சாப்பிடுகிறது. அதை முகாமுக்கு அனுப்பியதன் நோக்கத்தை 'உற்சாக முகாம்' என்றோ 'ஊக்க முகாம்' என்றோ சொல்லியிருந்தால் பொருளே மாறியிருக்கும். யானையை யாரும் ஒரு வேலைக்குத் தூண்டவில்லை. தேய்ந்ததை மீட்டுக்கொடுக்க நினைத்தார்கள். புத்துணர்வு என்ற சொல் அதைச் சரியாகச் சொன்னது.

புத்துணர்வு, புத்துணர்ச்சி இரண்டில் எது என்று சிலர் கேட்பார்கள். பொருளில் பெரிய வேறுபாடு இல்லை. ஆனால் 'உணர்ச்சி' தனியாக நின்றால் கோபம், அழுகை பக்கம் சாய்கிற சொல், 'உணர்வு' அமைதியானது. விளம்பர நெடி வேண்டாம் என்றால் நான் புத்துணர்வையே எடுப்பேன்.

உற்சாகத்தின் கதை வேறு. இது வடமொழி உத்ஸாஹம். உத்ஸவம் உற்சவமாகி, உத்பத்தி உற்பத்தியான அதே வழியில் தமிழுக்குள் வந்தது. நாட்டிய சாஸ்திர மரபில் வீரச் சுவைக்கு அடிப்படையாக இருக்கும் நிலையான உணர்வு இதுதான். அந்தப் பிறப்புக்குணம் இன்றும் போகவில்லை. உற்சாகம் எப்போதும் முன்னால் பார்க்கும். எதற்காகவோ உற்சாகம், யாரையோ பார்த்து உற்சாகம். ஜூன் மாதம் பள்ளி திறக்கும்போது "மாணவர்கள் உற்சாகம்" என்று தலைப்பு வரும். தோழர்களைப் பார்க்கப் போகிறார்கள், புதுப் புத்தகம் கிடைக்கப் போகிறது, அதற்கான உற்சாகம். அந்த இடத்தில் "மாணவர்கள் புத்துணர்ச்சி" என்று போட்டால் தலைப்பு செத்துவிடும்.

இரண்டையும் பிரிக்க ஒரு நல்ல சோதனை கல்யாண வீடு. முகூர்த்தத்துக்கு முந்தின ராத்திரி. பெண்ணின் சித்தப்பா மூன்று நாளாகச் சரியாகத் தூங்கவில்லை. கண் சிவந்து, குரல் கம்மிப் போயிருக்கிறது. ஆனால் சமையல்காரரிடம் ஒரு வாளி சாம்பார் வாங்கிக் கடைசிப் பந்தி வரை ஓடிக்கொண்டிருக்கிறார். அவரிடம் உற்சாகம் வழிகிறது. புத்துணர்ச்சி பொட்டுக்கூட இல்லை. கல்யாணம் முடிந்து, மறுநாள் மதியம் வரை அடித்துப் போட்டாற்போல் தூங்கி எழுந்து, காப்பி டம்ளரோடு திண்ணையில் உட்கார்கிறார். இப்போது புத்துணர்ச்சி இருக்கிறது. உற்சாகம் இல்லை, அதற்கு வேலையும் இல்லை. ஒரே மனிதர், இரண்டு நாள், இரண்டு சொல். எதிர்ச்சொல்லை வைத்துப் பார்த்தாலும் இதே முடிவுதான்: புத்துணர்ச்சி விரட்டுவது அலுப்பை, உற்சாகம் விரட்டுவது சலிப்பை.

உற்சாகத்தில் ஒரு சின்ன எச்சரிக்கை. 'உற்சாக பானம்' என்று எழுதினால் தமிழ்நாட்டில் அது மதுவையே குறிக்கும். பத்திரிகைகள் பல வருடமாக அப்படியே எழுதிப் பழக்கிவிட்டன. இஞ்சி டீக்கும் மோருக்கும் அந்தத் தொடரைப் போடாதீர்கள். அங்கே புத்துணர்ச்சி பானம் என்பதே பாதுகாப்பு.

ஊக்கத்தை உற்சாகத்தின் தனித்தமிழ் வடிவம் என்று நினைத்து மாற்றிப் போடுகிறவர்கள் நிறைய. தனித்தமிழ் மேல் எனக்கும் பற்று உண்டு; ஆனாலும் இந்த மாற்று பாதி இடங்களில் பொருந்தாது. ஊக்கம் உறுதியுள்ள சொல். திருக்குறளில் ஊக்கமுடைமை 60ஆம் அதிகாரம், அடுத்ததே மடியின்மை. மடி என்றால் சோம்பல். ஊக்கத்துக்கு எதிரி யார் என்பதை அதிகார வரிசையே காட்டிவிடுகிறது. அந்த அதிகாரத்தில் "உள்ளம் உடைமை உடைமை" என்று வள்ளுவர் சொல்லும்போது 'உள்ளம்' என்பதற்கே ஊக்கம் என்று பரிமேலழகர் உரை எழுதுகிறார். அதாவது மனம் இருக்கிறது என்றால் ஊக்கம் இருக்கிறது என்று பொருள், அவ்வளவு ஆழத்தில் வைத்துப் பார்த்த சொல் அது. ஔவையும் "ஊக்கமது கைவிடேல்" என்று அதைக் கையில் பிடித்து வைத்துக்கொள்ள வேண்டிய பொருளாகவே சொல்கிறார். உற்சாகம் வரும், போகும். ஊக்கத்தைக் காப்பாற்ற வேண்டும். "பாட்டுக் கச்சேரியை ஊக்கத்துடன் கேட்டனர்" என்றால் ஏதோ தேர்வுக்குப் படித்ததுபோல் ஒலிப்பது அதனால்தான். இன்றைய வழக்கில் ஊக்கத்தொகை, ஊக்கமருந்து என்று வெளியிலிருந்து ஏற்றுவதற்கும் இந்தச் சொல் போய்விட்டது. விளையாட்டு வீரர் ஒருவரைப் பற்றி எழுதும்போது "ஊக்கம் பெற்றார்" என்று போடுவதற்கு முன் பக்கத்தில் என்ன செய்தி இருக்கிறது என்று பார்த்துக்கொள்வது நல்லது.

சுறுசுறுப்பு, துடிப்பு இரண்டும் வெளியிலிருந்து பார்க்கிறவரின் சொற்கள். ஒருவர் கைகால் வேகமாக வேலை செய்கிறது என்று நாம் சொல்கிறோம். அவர் மனதில் என்ன இருக்கிறது என்று நமக்குத் தெரியாது. மனம் நொந்து கிடக்கிறவர்களும் சுறுசுறுப்பாகப் பாத்திரம் கழுவுவார்கள். அதனால் மனத்தின் நிலையைச் சொல்ல இவை போதாது.

தெம்புதான் எனக்கு மிகப் பிடித்த சொல். மேடைத் தமிழ் அதைக் கொஞ்சம் ஒதுக்கியே வைத்திருக்கிறது, அது பெரிய இழப்பு. காய்ச்சலில் நாலு நாள் படுத்திருந்த அம்மா ஐந்தாம் நாள் காலை தானே எழுந்து உட்காருகிறாள். நொய்க்கஞ்சியில் உப்புப் போட்டு, சுட்ட அப்பளத்தோடு கொடுக்கிறார்கள். பாதி டம்ளர் உள்ளே போனதும் நெற்றியில் லேசாக வேர்க்கிறது. "இப்பக் கொஞ்சம் தெம்பா இருக்கு" என்கிறாள். அந்த வாக்கியத்தில் உடம்பு எங்கே முடிகிறது, மனசு எங்கே தொடங்குகிறது என்று கோடு போட முடியாது. இனி எழுந்துவிடலாம் என்ற நம்பிக்கையும் அதில் இருக்கிறது, காலில் வந்த பலமும் இருக்கிறது. "கஞ்சி குடித்தபின் அம்மாவுக்குப் புத்துணர்ச்சி ஏற்பட்டது" என்று இதை யாராவது எழுதினால் அந்த அம்மாவே காணாமல் போய்விடுவாள். தெம்பு விரட்டுவது நோயை, பசியை, அதோடு வருகிற அச்சத்தை. "நீங்க பக்கத்துல இருந்தது தெம்பா இருந்துச்சு" என்று ஆட்கள் சொல்வதும் இந்த மூன்றாவது பொருளில்தான். அதற்கு எழுத்துத் தமிழில் நிகராக வைக்க எனக்கு வேறு சொல் கிடைத்ததில்லை. தெம்பு என்றே எழுதிவிடுகிறேன்.

இதே இடத்தில் யாழ்ப்பாணத்தில் 'உசார்' வரும். நோய் தேறியவரைப் பார்த்து "இப்ப உசாரா இருக்கிறியளோ?" என்று கேட்பார்கள். ஆள் தெம்பாக, கலகலப்பாக இருக்கிறாரா என்று பொருள். தமிழ்நாட்டில் அதே சொல் உஷார். எச்சரிக்கை, விழிப்பு என்ற பொருளில்தான் வரும். "உஷாரா இரு" என்றால் யாரோ ஏமாற்றப் பார்க்கிறார்கள் என்று அர்த்தம். ஒரே சொல் கடல் தாண்டும்போது ஒரு பக்கம் உடல்நலமாகவும் மறுபக்கம் காவலாகவும் ஆகியிருக்கிறது. "மாமா இப்ப நல்ல உசார்" என்று ஈழத்தில் இருந்து வரும் செய்தியைச் சென்னையில் படிப்பவர், மாமா எதையோ கண்டு எச்சரிக்கையாகிவிட்டார் என்று நினைக்க இடமுண்டு. இரு கரை வாசகர்களுக்கும் சேர்த்து எழுதுகிறவர்கள் கதைமாந்தரின் பேச்சில் உசாரைத் தாராளமாக விடலாம். ஆசிரியர் கூற்றில் தெம்பு என்று வைத்தால் இருவருக்கும் புரியும்.

பேச்சில் இன்று இவற்றையெல்லாம் முந்தி நிற்பது ஃப்ரெஷ். "குளிச்சதும் ஃப்ரெஷ்ஷா இருக்கு" என்பது வீடு தவறாமல் கேட்கும் வாக்கியம். கத்தரிக்காயும் ஃப்ரெஷ், மனசும் ஃப்ரெஷ். "ஃப்ரெஷ் ஆயிட்டு வர்றேன்" என்றால் முகம் கழுவப் போகிறார் என்று பொருள். உரையாடல் எழுதும்போது இதைத் தவிர்த்துவிட்டு, பேருந்தில் வருகிற கல்லூரிப் பெண் வாயில் புத்துணர்ச்சியைத் திணிப்பது அநியாயம். கட்டுரை நடையில் மட்டும் இந்தச் சொல் தனியாகத் தெரியும், அங்கே வேண்டாம்.

இனி மென்மையான பக்கம். மலர்ச்சி முகத்தில் தெரிவது. மலர்ந்த முகம், முகமலர்ச்சி, அகமும் முகமும் மலர என்று சொல்லிச் சொல்லிப் பழகிய தொடர்கள். இதற்கு எதிர் வாட்டம். விருந்தினர் முகத்தை வள்ளுவர் அனிச்சத்தோடு சேர்த்துச் சொன்னது இந்தப் பழக்கத்தின் பழைய வேர்: மோந்தால் வாடும் பூ ஒன்று, முகம் மாறிப் பார்த்தாலே வாடும் விருந்து மற்றொன்று. மலர்ச்சி இன்னொருவர் முன்னால் நடக்கிற சங்கதி என்பதை இதிலிருந்து பிடித்துக்கொள்ளலாம். தனியாக அறையில் உட்கார்ந்திருப்பவருக்கு மலர்ச்சி என்று எழுதினால் சற்றுச் செயற்கையாக இருக்கும். யாராவது கதவைத் தட்ட வேண்டும்.

தெளிவு, கலக்கம் போனபின் வருவது. நீருக்கும் மனதுக்கும் காய்ச்சல் விட்ட முகத்துக்கும் பொது. தியானம், நீண்ட நடை, ஒரு முடிவு எடுத்த மறுநாள் காலை, இவற்றுக்குப் பின் வரும் புதுமையைச் சொல்ல மொழிபெயர்ப்பாளர்கள் உடனே புத்துணர்ச்சிக்குப் போகிறார்கள். "மனம் தெளிந்திருந்தது" என்பது பெரும்பாலும் அதைவிட நேராகப் போய்ச் சேரும்.

அப்புறம் லேசு. அழுது முடித்த பிறகு, ரொம்ப நாள் மறைத்து வைத்ததை ஒருவரிடம் கொட்டிய பிறகு, "மனசு லேசாச்சு" என்போம். மகிழ்ச்சி வந்துவிட்டது என்று அதற்குப் பொருள் இல்லை. பாரம் இறங்கியது, அவ்வளவுதான். துக்கம் சம்பந்தப்பட்ட எந்த இடத்திலும் நான் இந்த ஒரு சொல்லையே நம்புகிறேன். மரணம் நடந்த வீட்டைப் பற்றிய மொழிபெயர்ப்புகளில் "அழுத பின் புத்துணர்ச்சி அடைந்தாள்" போன்ற வாக்கியங்களைப் பார்த்திருக்கிறேன். பார்க்கும்போது நெஞ்சு பதறுகிறது. கணவனை இழந்தவள் அழுதுவிட்டுப் புத்துணர்ச்சி அடைவதில்லை. கொஞ்சம் லேசாகிறாள். ஒரு சொல் மாறினால் ஒரு மனுஷியின் துக்கத்தையே அவமதித்ததாகிவிடும் இடங்கள் இவை. இங்கே அலட்சியம் கூடாது.

ஒதுக்க வேண்டிய சொல் ஒன்றையும் சொல்லிவிடுகிறேன்: கிளர்ச்சி. மனம் மேலெழுவதைச் சொல்ல அழகான சொல்தான், கிளர்தல் என்றால் மேலெழுதல். ஆனால் இந்தி எதிர்ப்புக் கிளர்ச்சி முதல் கிளர்ச்சிப் படை வரை அரசியல் அதை முழுக்க எடுத்துக்கொண்டது. மிச்சம் இருந்ததைக் காமம் எடுத்துக்கொண்டது. "விடுமுறை முடிந்து கிளர்ச்சியுடன் திரும்பினர்" என்று இப்போது எழுத முடியாது.

சொல்லைத் தேர்ந்த பிறகும் வேலை முடிவதில்லை. அதைப் பெயரடையாக்குவதில்தான் பல வாக்கியங்கள் கெடுகின்றன. 'நல்ல', 'புதிய' மாதிரி நேரடிப் பெயரடைகள் தமிழில் குறைவு; மற்றவற்றுக்கு 'ஆன' ஒட்டிக்கொள்கிறோம். உற்சாகமான, தெளிவான, துடிப்பான எல்லாம் மனிதருக்கு முன்னால் இயல்பாக நிற்கின்றன. ஏனென்றால் அவை ஒருவரின் சுபாவமாக இருக்க முடியும். புத்துணர்ச்சியும் தெம்பும் லேசும் சுபாவம் அல்ல, வந்து சேரும் நிலைகள். வருகிற பொருளைத் தமிழ் 'எனக்கு' போட்டு, வினை போட்டுச் சொல்லும்: எனக்குத் தெம்பு வந்தது, அவளுக்கு மனசு லேசாச்சு, பயணம் அவருக்குப் புத்துணர்வு தந்தது. எழுபது வயதுக்காரருக்குப் 'புத்துணர்ச்சியான மனிதர்' ஒட்டாமல் போனதற்குக் காரணம் இதுதான். அவர் எப்போதும் அப்படி இருப்பவர் என்றால் 'உற்சாகமான மனிதர்' என்று போடலாம். இன்னும் நன்றாக எழுத வேண்டுமானால் அடைமொழியை விட்டுவிட்டு, காலை ஐந்து மணிக்கு அவர் என்ன செய்கிறார் என்று ஒரு வரி எழுதலாம்.

பாரதி 'யோக சித்தி'யில் கேட்ட வரம் இந்த விஷயத்தில் எனக்குப் பெரிய பாடம். என்னைப் புதிய உயிராக்கு, கவலை அறச் செய், மதியை மிகத் தெளிவாக்கு, என்றும் சந்தோஷத்தோடு வை என்று தனித்தனியாக நான்கு கேட்கிறார். புத்துணர்ச்சி என்ற ஒற்றைச் சொல்லில் மூட்டை கட்டியிருந்தால் அந்த வேண்டுதலில் இருக்கிற அவசரமும் ஏக்கமும் வந்திருக்காது. நான்கு வினைகள் நான்கு தனித்தனிக் குறைகளைச் சொல்கின்றன.

நடைமுறைக்கு வருவோம். ஓய்வுபெறும் ஆசிரியருக்கு வாழ்த்துமடல் எழுதுகிறீர்கள் என்றால் ஊக்கமும் உற்சாகமும் இரண்டுமே தேவைப்படும். மாணவர்களுக்குக் கொடுத்தது ஊக்கம், வகுப்பில் காட்டியது உற்சாகம். இடம் மாற்றிப் போடாதீர்கள். சுற்றுலா, குளியல், ஓய்வு பற்றியது என்றால் புத்துணர்வு, தயங்க வேண்டாம். அது அதற்காகவே இருக்கிறது. உடம்பு தேறி வருகிறவருக்கு அனுப்பும் செய்தியில் "சீக்கிரம் தெம்பாகி வாங்க" என்று எழுதுங்கள், மரியாதைக்குறைவு ஆகாது. அதையே "விரைவில் புத்துணர்ச்சி பெற வாழ்த்துகள்" என்று எழுதினால் வாழ்த்து அட்டை அச்சடித்தவர் பேசுகிறார், நீங்கள் பேசவில்லை. அலுவலக மடலில் 'தெம்பு' கொஞ்சம் வீட்டுத்தனமாகப் படுகிறது என்று தோன்றினால் "உடல்நலமும் மனத்தெம்பும் திரும்பப் பெற" என்று மனத்தோடு சேர்த்துவிடுங்கள். எழுத்து நடைக்கும் பொருந்தும், தெம்பும் தெம்பாகவே நிற்கும்.